மரிக்கார் ராமதாசும் எங்கள் பாடசாலை நாடகமும்

சென்ற வருடம் தமிழ்மொழித் தினப் போட்டிக்காக எங்கள் பாடசாலைப் பிள்ளைகள் ஒரு நாடகம் பழகினார்கள். எழுதியது நான்தான். வெள்ளத்தில் வேளாண்மையை இழந்த ஒரு விவசாயி, அவருக்குக் கடன் கொடுத்த ஒரு வியாபாரி, இருவருக்கும் இடையில் நடக்கிற பேச்சு. அவ்வளவுதான் கதை. வியாபாரியின் பெயரை எழுத வேண்டிய இடத்தில் "காக்கா" என்று எழுதியிருந்தேன். ஏன் அப்படி எழுதினேன் என்று அப்போது யோசிக்கவில்லை. வீரமுனையில் பிறந்த எனக்குச் சம்மாந்துறை பக்கத்து வீடு மாதிரி. வியாபாரி என்றால் கண்ணுக்குள் வருகிற முகம் காக்காவின் முகம்தான்.

அந்தப் பாத்திரத்துக்குப் பத்தாம் வகுப்பு மாணவன் ஒருவனைத் தெரிவு செய்தேன். துடியான பையன். முதல் நாளே ஒரு தொப்பியைக் கொண்டுவந்து தலையில் கவிழ்த்துக்கொண்டான். சாரத்தை உயர்த்திக் கட்டினான். சொற்களை இழுத்து, முறித்து, இடையிடையே "வல்லாஹி" போட்டுக் கதைத்தான். பிள்ளைகள் விழுந்து விழுந்து சிரித்தார்கள். நானும் சிரித்தேன்.

பாடசாலை வாசலில் ஐஸ்பழம் விற்கிறவர் சம்மாந்துறைக்காரர். இடைவேளை முடிந்தும் போகாமல், சைக்கிளில் கட்டிய பெட்டியில் கையை ஊன்றியபடி மண்டபத்துப் பக்கம் பார்த்துக்கொண்டு நின்றார். அடுத்த நாள் நான் உள்ளே போகும்போது கூப்பிட்டார்.

"சேர், அந்தப் புள்ள நல்லாத்தான் நடிக்கான். ஆனா நாங்க அப்படியா சேர் கதைக்கிற?"

கோபமாகக் கேட்கவில்லை. உண்மையாகவே தெரிந்துகொள்ளக் கேட்பவர் போலக் கேட்டார். பதில் சொல்ல எனக்கு வாய் வரவில்லை. அன்று முழுவதும் வகுப்பில் நின்றபடி நான் நினைத்துக்கொண்டிருந்தது ஒரு நடிகரைப் பற்றி. அவர் பெயர் எஸ். ராமதாஸ். அந்தப் பெயரை மட்டும் சொன்னால் பலருக்கு ஆளைத் தெரியாது. மரிக்கார் ராமதாஸ் என்றால் எங்கள் தகப்பன்மாரின் தலைமுறைக்கு உடனே முகம் மலரும்.

எழுபதுகளில் இலங்கை வானொலியில் "கோமாளிகளின் கும்மாளம்" என்றொரு நகைச்சுவைத் தொடர் நாடகம் ஒலிபரப்பானது. எழுதியவர் ராமதாஸ். அதில் மரிக்கார் என்ற முஸ்லிம் பாத்திரமும் அவர்தான். ரி. ராஜகோபால் அப்புக்குட்டியாக யாழ்ப்பாணத் தமிழ் பேசினார். எஸ். செல்வசேகரன் உபாலியாக, சிங்களவர் ஒருவர் தமிழ் கதைத்தால் எப்படி இருக்குமோ அப்படிக் கதைத்தார். பி. எச். அப்துல் ஹமீத் ஐயராக வந்து பிராமணத் தமிழ் பேசினார். முஸ்லிம் அல்லாதவர் மரிக்கார். முஸ்லிமானவர் ஐயர். நாலு பேர், நாலு தமிழ், ஒரே ஒலிவாங்கி.

பிறகு அது திரைக்கும் வந்தது. 1976இல் "கோமாளிகள்" வெளியானது. எஸ். ராமநாதன் இயக்கினார். கதையும் வசனமும் ராமதாஸ். இலங்கைத் தமிழ்ப் படம் என்றால் ஓடாது என்று எல்லோரும் சொல்லிக்கொண்டிருந்த காலத்தில் சனங்கள் தேடிப்போய்ப் பார்த்த படம் அது. அதற்கு முந்திய வருடம் வந்த, தெளிவத்தை ஜோசப் எழுதிய "புதிய காற்று", 1978இல் வந்த "ஏமாளிகள்" ஆகியவற்றிலும் ராமதாஸ் இருந்தார். இவற்றில் எதிலும் அவர் கதாநாயகனாகப் பேர் எடுக்கவில்லை. மேடை, வானொலி, திரைப்படம், பின்னாளில் தொலைக்காட்சி என்று எங்கே போனாலும் மரிக்கார் அவர் முன்னால் போய் நின்றார். செல்வசேகரன் உபாலி செல்வசேகரன் ஆனார். ராஜகோபால் அப்புக்குட்டி ராஜகோபால் ஆனார். பாத்திரத்தின் பெயர் நடிகனின் பெயருக்கு முன்னால் வந்து ஒட்டிக்கொள்வது சினிமாவில் புதினமில்லை. ஆனால் தகப்பன் பெயரும் ஊர்ப் பெயரும் நிற்க வேண்டிய இடத்தில் வேறொரு சமூகத்தின் குடும்பப் பெயரைச் சாகும்வரை சுமந்தவர் எத்தனை பேர்?

நான் பிறந்தது அந்த நாடகம் ஓய்ந்த பிறகு. எனக்கு மரிக்காரைத் தெரிந்தது அப்பாவின் வாயால். அப்பா வயல்காரன். எழுபதுகளில் சம்மாந்துறையில் ஒரு நெல்லு மில்லில் வேலைக்கும் போனார். மில் முதலாளியிடம் இருந்த வானொலிப்பெட்டியைச் சுற்றி இருந்துதான் இரண்டு ஊர் ஆட்களும் நாடகம் கேட்பார்களாம். முதலாளி சிரித்துச் சிரித்துக் கண்ணைத் துடைத்துக்கொண்டு, "இது கொழும்புச் சோனகர்ர பேச்சு, நம்மட இல்ல" என்பாராம். அப்பா வீட்டுக்கு வந்து மரிக்கார் குரலில் அம்மாவிடம் தேத்தண்ணி கேட்பார். சின்ன வயதில் நான் அதைக் கேட்டிருக்கிறேன். யாருடைய குரல் என்று தெரியாமலே சிரித்திருக்கிறேன்.

முதலாளி சொன்னது சரி. கொழும்பு முஸ்லிம்களின் தமிழும் கல்முனைக் கரை முஸ்லிம்களின் தமிழும் ஒன்றல்ல. அங்கே மூத்த சகோதரன் நானா, இங்கே காக்கா. அங்கே மூத்த சகோதரியைத் தாத்தா என்பார்கள், இங்கே ராத்தா. இந்தியத் தமிழனுக்குத் தாத்தா என்றால் பாட்டன், சிங்களவருக்குத் தகப்பன். எங்கள் கரையில் தமிழரும் முஸ்லிம்களும் பேசுவதைக் கண்ணை மூடிக்கொண்டு கேட்டால், உறவுமுறைச் சொற்களும் மார்க்கச் சொற்களும் வராதவரை, யார் எவர் என்று சொல்வது கஷ்டம். அவர்களும் கிறுகுவார்கள், நாங்களும் கிறுகுவோம். அவர்களுக்கும் மறுகா, எங்களுக்கும் மறுகா. பெண்கள் பேச்சு இரண்டு பக்கமும் "கா"வில்தான் முடியும். தாய்வழிக் குடி இரண்டு பேருக்கும் உண்டு. நீலாவணனும் நுஃமானும் மருதூர்க்கொத்தனும் ஒரே இலக்கிய வட்டத்தில் இருந்த மண் இது. இவ்வளவு கிட்டவாக இருக்கிற பேச்சைத்தான் என் மாணவன் இழுத்தும் முறித்தும் அந்நியமாக்கினான். அவன் பேசியது சம்மாந்துறைத் தமிழல்ல. கொழும்புத் தமிழும் அல்ல. எங்கள் வீடுகளில் "சோனி" என்று சொல்லும்போது மனதில் வைத்திருக்கிற ஒரு தமிழ். அப்படியொரு தமிழை உலகத்தில் யாரும் பேசுவதில்லை.

1990 ஓகஸ்டை இந்தச் சஞ்சிகையின் வாசகர்களுக்கு நான் நினைவூட்டத் தேவையில்லை. காத்தான்குடிப் பள்ளிவாசல்களில் தொழுதுகொண்டிருந்தவர்கள் கொல்லப்பட்டதும் அந்த மாதத்தில்தான். எங்கள் ஊர்ப் பிள்ளையார் கோயிலில் தஞ்சம் புகுந்திருந்தவர்கள் கொல்லப்பட்டதும் அந்த மாதத்தில்தான். நாங்கள் ஊரை விட்டுப் போனோம். சில வருடங்கள் அகதி முகாம். பிறகு திரும்பி வந்தோம். வீடு திருத்தினோம், வயல் செய்தோம். ஆனால் அப்பா மரிக்கார் குரலில் தேத்தண்ணி கேட்பதை விட்டுவிட்டார். யாரும் விடச் சொல்லவில்லை. அந்தக் குரல் வீட்டில் இல்லாமல் போனதை நான் கவனித்ததே வளர்ந்த பிறகுதான். மில் முதலாளியின் பெயரும் வீட்டில் அடிபடுவது நின்றது.

சுனாமிக்குப் பிறகு நான் அட்டாளைச்சேனை ஆசிரியர் கலாசாலைக்குப் போனேன். விடுதியில் என் அறைத் தோழர் மருதமுனைக்காரர். தறிக்காரக் குடும்பம். கடல் அவர்கள் வீட்டைக் கொண்டுபோயிருந்தது. இரவில் அவருடைய உம்மா தொலைபேசியில் பேசுவார். வயதான பெண், உரத்த குரல், ஒரே கேள்வியை மூன்று தரம் கேட்பார். விடுதிக் கலை நிகழ்ச்சியில் எனக்குப் பகிடி செய்யும் முறை வந்தது. நான் அந்தத் தொலைபேசிப் பேச்சை நடித்தேன். நன்றாகத்தான் செய்தேன். மண்டபம் அதிர்ந்தது. முஸ்லிம் தோழர்களும் சிரித்தார்கள். அறைத் தோழர் மட்டும் சிரிக்கவில்லை.

நாலைந்து நாள் அவர் என்னோடு கதைக்கவில்லை. பிறகு ஒரு இரவு, விளக்கை அணைத்த பிறகு சொன்னார்: "மச்சான், என்ன மாதிரிக் கதைச்சிருந்தா நானும் சிரிச்சிருப்பன். நீ என்ட உம்மாட்ட இருந்து குரல மட்டும் எடுத்தாய். அவ ஏன் மூணு தரம் கேக்கா எண்டத எடுக்கல்ல."

கடல் வந்த காலையில் அவர் வீட்டில் இல்லை. மகன் உயிரோடு இருக்கிறான் என்று யாரோ சொன்னதை அந்தத் தாய் அன்று நம்பவில்லையாம். அதிலிருந்து எதையும் மூன்று தரம் கேட்டால்தான் அவருக்கு மனம் ஆறும்.

இருட்டில் எனக்கு அழுகை வந்தது. அவர்தான் கதையை மாற்றினார். தன் வாப்பா தறிச் சத்தத்துக்கு மேலால் வானொலியை முறுக்கிவிட்டு மரிக்காரைக் கேட்ட கதையைச் சொன்னார். "அந்த மனுசன் எங்கட ஆள் இல்ல எண்டு வாப்பாக்கு வருசக் கணக்காத் தெரியாது. தெரிஞ்ச நாளும் சிரிச்சிக்கிட்டேதான் இருந்தாரு." பிறகு கொஞ்ச நேரம் பேசாமல் இருந்துவிட்டுச் சொன்னார்: "உன்ட பகிடிய வாப்பா கேட்டா சிரிக்க மாட்டாரு மச்சான்." அப்பாவின் மரிக்கார் குரலைப் பற்றி நானும் அன்றைக்குத்தான் முதன்முதலாக ஒருவரிடம் சொன்னேன்.

பல வருடங்களுக்குப் பிறகு, நண்பர் ஒருவர் தந்த குறுந்தட்டில் ஒரு பழைய பிரெஞ்சுப் படம் பார்த்தேன். ழான் ரெனுவார் 1937இல் எடுத்த "மாபெரும் மாயை". முதலாம் உலகப் போரில் ஜெர்மானியரிடம் கைதியான பிரெஞ்சு வீரர்களின் கதை. அதில் ரொசந்தால் என்றொரு பணக்கார யூதன். வீட்டிலிருந்து வரும் உணவுப் பொதிகளை எல்லோருக்கும் பகிர்ந்து கொடுப்பவன். அந்தப் பாத்திரத்தில் நடித்தவர் மார்செல் டாலியோ. பிரான்சில் பிறந்த யூதர். அவரும் ராமதாஸ் மாதிரிச் சின்னப் பாத்திரங்களின் நடிகர்தான். ரொசந்தாலும் தோழன் மரேஷாலும் சிறையிலிருந்து தப்பிப் பனிக்குள் நடக்கிறார்கள். ரொசந்தாலின் கால் சுளுக்கிவிடுகிறது, நடக்க முடியவில்லை. பசியும் களைப்பும் சேர்ந்து மரேஷாலின் வாயிலிருந்து இனத்தைச் சொல்லி ஏச்சு வருகிறது. அவன் விட்டுவிட்டுப் போகிறான். கொஞ்சத் தூரம் போய், திரும்பி வருகிறான்.

அந்த இடத்தில் நான் படத்தை நிறுத்திவிட்டு வெளியே போய் நின்றேன்.

டாலியோவின் மிச்சக் கதையைப் பிறகுதான் அறிந்தேன். 1940இல் ஜெர்மன் படை பாரிசுக்குள் வந்தபோது அவர் தப்பி ஓடினார். அவருடைய முகத்தை எடுத்து, யூதன் என்றால் இப்படித்தான் இருப்பான், அடையாளம் கண்டுகொள்ளுங்கள் என்று நாசிகள் சுவரொட்டி அடித்தார்கள். அவருடைய பெற்றோர் வதை முகாமில் இறந்தார்கள். அவர் அமெரிக்காவில் வாய்க்கிற சின்னப் பாத்திரங்களில் நடித்தார். 1942இல் வந்த "காசாபிளாங்கா"வில் சூதாட்ட மேசைக்காரனாகச் சில நிமிடம் வந்து போவார், படத்தின் பெயர்ப் பட்டியலில் அவர் பெயரே இல்லை. ரெனுவாரின் படத்தில் மனிதனாகத் தெரிந்த அதே முகம் சுவரொட்டியில் ஓர் இனத்தின் மாதிரி ஆனது. முகத்தில் ஒரு கோடும் மாறவில்லை. எதற்காக எடுத்தார்கள் என்பதுதான் மாறியது.

இதை வாசிக்கிறவர்களில் சிலருக்கு ஒரு கேள்வி வரலாம். மரிக்காரும் ஒரு மாதிரிதானே? முஸ்லிம் என்றால் இப்படித்தான் கதைப்பான் என்று நாடு முழுக்கப் பதிய வைத்ததில் அந்த நாடகத்துக்கும் பங்கில்லையா? நியாயமான கேள்விதான். என் மாணவனின் இழுவைக்குள் எங்கேயோ மரிக்காரின் தேய்ந்த நிழல் இருக்கலாம். அவன் அதைத் தன் பாட்டனிடமிருந்து எடுத்திருக்கலாம்.

ஆனால் ஒன்றைப் பார்க்க வேண்டும். ராமதாஸ் எழுதிய அந்த உலகத்தில் பகிடிக்கு ஆளாகாத தமிழ் என்று ஒன்று இருக்கவில்லை. யாழ்ப்பாணத் தமிழும் பகிடி, பிராமணத் தமிழும் பகிடி. எந்தத் தமிழும் சரியான தமிழாக மேலே இருந்துகொண்டு மற்றதைப் பார்த்துச் சிரிக்கவில்லை. அதோடு குரல்களை மாற்றிக்கொண்டார்கள். மரிக்காராக நடிப்பவர் பக்கத்தில் ஓர் உண்மையான முஸ்லிம் ஐயராக இருந்து கேட்டுக்கொண்டிருக்கிறார். பிழையாகப் பேசினால் திருத்த ஆள் அங்கேயே இருக்கிறது. அப்துல் ஹமீத் பின்னாளில் "தெனாலி" படத்துக்காகக் கமல்ஹாசனுக்கு யாழ்ப்பாணத் தமிழ் பழக்க உதவினார். கொழும்பில் வளர்ந்த ஒரு முஸ்லிம், இந்திய நடிகருக்கு யாழ்ப்பாணத் தமிழ் பழக்குகிறார் என்றால் எவ்வளவு காது கொடுத்துக் கேட்டிருக்க வேண்டும்!

என் நாடகத்தில் விவசாயி நல்ல தமிழ் பேசினார். ஆசிரியராக வந்தவர் நல்ல தமிழ் பேசினார். வியாபாரி ஒருவர்தான் "காக்காத் தமிழ்" பேசினார். கலாசாலை மேடையில் நான் செய்ததும் இதுதான். இருபது வருடம் கழித்து ஒரு பிள்ளையைக் கொண்டு அதையே திரும்பச் செய்வித்திருக்கிறேன்.

1983 ஜூலையில் ஹெந்தளையில் இருந்த விஜயா ஸ்டூடியோ எரிக்கப்பட்டது. படச்சுருள்களும் எரிந்தன. இலங்கைத் தமிழ்ச் சினிமா அதற்குப் பிறகு முன்போல எழும்பவில்லை. மரிக்காரை நம்பியிருந்த நடிகனுக்கு நாடே சின்னதாகிவிட்டது. நாலு தமிழும் ஓரிடத்தில் இருந்து சிரிக்கிற ஒரு வீடு இருந்தால்தானே அவருக்குத் தொழில்? 2016 ஜூலையில் ராமதாஸ் சென்னையில் காலமானார். செல்வசேகரன் அதற்கு நாலு வருடம் முந்திப் போய்விட்டார்.

செய்தியை நான்தான் பத்திரிகையில் பார்த்து அப்பாவுக்கு வாசித்தேன். அப்பாவுக்கு அப்போது கண் மங்கல். சாய்மனைக் கதிரையில் கிடந்தபடி கேட்டார். "ஆரு, மரிக்காரா?" என்றார். ஓம் என்றேன். நெடுநேரம் ஒன்றும் சொல்லவில்லை. பிறகு குசினிப் பக்கம் திரும்பி, அந்தக் குரலில், இருபத்தாறு வருடத்துக்குப் பிறகு, தேத்தண்ணி கேட்டார். குரல் உடைந்திருந்தது. அம்மா உள்ளேயிருந்து எட்டிப் பார்த்தா. சிரிக்கவும் இல்லை, அழவும் இல்லை. தேத்தண்ணி வந்தது. குடித்து முடித்ததும் அப்பா கேட்டார், "மில் முதலாளி இருக்கானோ தெரியா. ஒருக்கா விசாரிச்சுப் பாரன்."

விசாரித்தேன். முதலாளி மவுத்தாகிச் சில வருடங்கள் ஆகியிருந்தன. மகன் இருந்தார். அப்பாவின் பெயரைச் சொன்னதும் உள்ளே கூப்பிட்டு இருத்தினார்.

இனி நாடகத்துக்கு வருகிறேன். பையனைக் கூப்பிட்டுத் தொப்பியை எடுத்துவிடச் சொன்னேன். அவனுக்கு முகம் சுருங்கிப்போனது. பிழை உன்னுடையதல்ல, எழுதிய என்னுடையது என்றேன். அது அவனுக்கு விளங்கியதாகத் தெரியவில்லை. அதற்குப் பதில் வேறொரு வேலை கொடுத்தேன். சனிக்கிழமை காலையில் சம்மாந்துறைச் சந்தைக்குத் தகப்பனோடு போய் ஒரு மணித்தியாலம் சும்மா நின்று கேட்டுவிட்டு வா, கேட்டதை எழுதி வா. ஒரு பக்கம் எழுதி வந்தான். "சேர், அவங்களும் எங்கள மாதிரித்தான் கதைக்காங்க," என்றான். ஏமாந்துபோன குரலில் சொன்னான்.

ஐஸ்பழக்காரரை இடைவேளைக்குப் பிறகு உள்ளே கூப்பிட்டேன். வேப்பமரத்தடியில் இருந்து முழு நாடகத்தையும் பார்த்தார். வியாபாரி விவசாயியை வாசலில் கண்டதும் கடனைக் கேட்பதாக நான் எழுதியிருந்தேன். அந்த இடத்தில் கையை உயர்த்தினார்.

"சேர், கடன்காரன் எண்டாலும் வீட்டுக்கு வந்தவன்ட்ட அத முதல்ல கேக்க மாட்டம். 'வா, இரி, சோறு திண்டயா'எண்டு கேப்பம். மறுகாதான் கடன். அந்தாளுக்கும் அது தெரியும். அதான் அந்தாள் சோறு திங்காமப் போகப் பாப்பான்."

என் நாடகத்துக்குள் இல்லாத ஒரு நாடகம் அதில் இருந்தது. அந்த இடத்தை அப்படியே மாற்றி எழுதினேன். கடன் கேட்பவனும் கொடுக்க முடியாதவனும் ஒரு கோப்பைச் சோற்றை நடுவில் வைத்துக்கொண்டு தயங்கினார்கள். வியாபாரிக்கு ஒரு பெயர் வைத்தேன். எல்லாப் பாத்திரங்களும் எங்கள் ஊர்த் தமிழில் பேசும்படி மாற்றினேன், ஆசிரியர் உட்பட.

கோட்ட மட்டப் போட்டியில் எங்களுக்கு இரண்டாம் இடம்தான். நடுவர் ஒருவர், வியாபாரிப் பாத்திரத்தில் இன்னும் கொஞ்சம் "நகைச்சுவை" இருந்திருக்கலாம் என்றார். பாடசாலைக்குத் திரும்பி வந்து பெற்றோருக்காக இன்னொரு தரம் போட்டோம். ஐஸ்பழக்காரர் பெட்டியைச் சாத்திவிட்டுப் பின்வரிசையில் வந்து இருந்தார். வியாபாரி "சோறு திண்டயா?" என்று கேட்கிற இடத்தில் மண்டபம் அமைதியாக இருந்தது. அவர் மட்டும் சத்தமாகச் சிரித்தார். பக்கத்தில் இருந்த எங்கள் ஊர்க் கிழவர் ஒருவர் ஏன் என்பது போலத் திரும்பிப் பார்த்தார்.

"இல்ல, எங்கட வாப்பாவும் இப்படித்தான் கேப்பாரு," என்றார் அவர்.